கணக்கெடுப்போர் கேட்கும் கேள்விகள்

ஜோகூர் ராஜ்யத்தின் கீழ்ப்பாகத்தில், ஜோகூர் ஆற்றங்கரையில் அமைந்திருப்பது கோத்தா திங்கி. மலாய் சரித்திரம் படித்தவர்களுக்கு இவ்வூர் புதிதன்று. பழைய ஜோகூர் அரசர்கள் இவ்வாற்றங்கரையிலேதான் ஒன்றன்பின் ஒன்றாகத் தலைநகர்களை அமைத்துக்கொண்டு ஆண்டார்கள். 1699ஆம் ஆண்டில், ஆட்கள் தோளில் சுமந்து செல்லும்போதே கொல்லப்பட்ட சுல்தான் மஹ்மூதின் கல்லறை இங்கே கம்போங் மாக்காமில் இருக்கிறது. அந்த ஓர் அரசன் எப்படி மாண்டான், யார் கொன்றார், எதன்பொருட்டுக் கொன்றார் என்பதைப் பற்றி ஏடுகளும் கதைகளும் ஏராளமாக உண்டு. ஆனால் அதே வட்டாரத்தில் காட்டை அழித்து ரப்பர் நட்டு, பின்பு ரப்பரை வெட்டி எண்ணெய்ப்பனை நட்டு, லயங்களிலே பிறந்து லயங்களிலே மடிந்த தமிழர்களைப் பற்றிச் சரித்திரம் வைத்திருப்பது என்ன? பெயர் இல்லை; கதை இல்லை. சில அட்டவணைகளில் சில எண்கள் இருக்கின்றன, அவ்வளவே.

அந்த எண்களும் வானத்திலிருந்து விழுந்தவையல்ல. யாரோ ஒருவர் ஒரு தாளில் ஒரு கேள்வியை எழுதினார். வேறொருவர் அதைக் கையிலேந்தி லயத்து வாசலில் நின்று கேட்டார். உள்ளிருந்தவர் தமக்குத் தோன்றியதையோ, கேட்பவருக்குப் பிடிக்கும் என்று எண்ணியதையோ சொன்னார். அந்த விடை எண்ணாயிற்று, அந்த எண் சட்டமாயிற்று, சம்பளமாயிற்று, பள்ளிக்கூடமாயிற்று, அல்லது பள்ளிக்கூடமில்லாமற் போயிற்று. விடையைப் பற்றி வாதாடுகிறவர்கள் நம்மில் மிகப் பலர். கேள்வியைப் பற்றிக் கவலைப்பட்டவர்கள் மிகச் சிலர். ஆதலின் கேள்விகளின் சரித்திரத்தையே இன்று ஆராயப் புகுகிறோம்.

ஜோகூரில் முறையான ஜனத்தொகைக் கணக்கு முதன்முதல் 1911இல் எடுக்கப்பட்டது. ராஜ்யம் முழுவதிலும் அப்போது சுமார் 1 லட்சத்து 80 ஆயிரம் பேர் இருந்தனர். இருபது ஆண்டு கழித்து, 1931இல், அத்தொகை 5 லட்சத்தைத் தாண்டியிருந்தது. இவ்வளவு பெரிய வளர்ச்சி பிறப்பினால் மட்டும் வந்ததன்று என்பதைச் சிறு பிள்ளையும் அறியும். சீனத்திலிருந்தும், ஜாவாவிலிருந்தும், நமது நாகப்பட்டினம், சென்னைத் துறைகளிலிருந்தும் கப்பல் கப்பலாக வந்து இறங்கியவர்களின் கூட்டம் அது. இவர்களை எந்தப் பெட்டியில் போடுவது என்பதே கணக்கெடுத்தவர்களின் முதற் கவலையாக இருந்தது.

ஜலசந்திக் குடியேற்ற நாடுகளின் 1891ஆம் ஆண்டுக் கணக்கில் நமக்குக் கொடுக்கப்பட்ட பெட்டியின் பெயர் 'தமிழரும் இந்தியாவின் பிற சுதேசிகளும்' என்பது. நம்மவர் பலர் இதைப் பெருமையாகக் கொள்ளக்கூடும். தமிழர் பெயர் முதலில் இருக்கிறதன்றோ! ஆனால் பஞ்சாபியும் வங்காளியும் தமிழருக்கு வாலாகக் கட்டப்பட்ட அந்தப் பெட்டி, பின் வந்த கணக்குகளில் 'இந்தியர்' என்று பெயர் மாறியது. தமிழர் அதற்குள் ஓர் உட்பிரிவாயினர். இலங்கையிலிருந்து வந்த தமிழர் ஒரு காலத்தில் 'பிறர்' என்னும் வரிசையிலும், பின்னொரு காலத்தில் 'இந்தியர்' என்னும் வரிசையிலும் வைக்கப்பட்டனர். ஆள் மாறவில்லை, மொழி மாறவில்லை, தாளில் இருந்த கோடு மாத்திரம் இடம் பெயர்ந்தது.

1931ஆம் ஆண்டு மலாயாக் கணக்கை நடத்திய வீலண்ட் என்னும் உத்தியோகஸ்தர் ஒரு விஷயத்தில் நமது மரியாதைக்குரியவர். 'இனம்' என்று தாம் கேட்கும் கேள்விக்கு இன்னதுதான் பொருள் என்று வரையறுக்கத் தம்மால் இயலாது என்பதை அவர் தமது அறிக்கையிலேயே ஒப்புக்கொண்டார். பிறந்த நாடு, வமிசம், அரச விசுவாசம், யாரோடு ஒட்டி உறவாடுகிறார் என்பது ஆகிய எல்லாவற்றையும் காரியத்துக்கு ஏற்றபடி கலந்து செய்த ஒரு கலவையே அது என்பது அவர் கருத்து. கீழ்நாட்டு மக்களிற் பெரும்பாலோர்க்கு இனம் என்ற எண்ணமே தெளிவாக இல்லை, மதத்தையே பெரிதாக எண்ணுகிறார்கள் என்றும் அவர் குறைப்பட்டுக்கொண்டார். அந்தக் குறை யாருடையது? நாகூரிலிருந்து வந்த தமிழ் முஸ்லிம் ஒருவரை, 'நீர் என்ன இனம்?' என்று கேட்டால், அவர் தமிழர் என்று சொல்வதா, இந்தியர் என்று சொல்வதா, முஸ்லிம் என்று சொல்வதா? மூன்றும் மெய். கேள்வி கேட்டவர் எது வேண்டும் என்று சொல்லாமலே விடையை மட்டும் ஒன்றாகக் கேட்டார். கேள்வியின் மயக்கத்தை விடை சொல்பவனின் அறியாமையாக எழுதி வைப்பது எல்லா நாட்டு உத்தியோகஸ்தர்க்கும் உள்ள வழக்கம்.

கேட்ட கேள்வியால் விளைந்த தீங்கு இவ்வாறிருக்க, கேளாமல் விட்ட கேள்வியால் விளைந்தது இதனினும் பெரிது. 1941இல் எடுக்க வேண்டிய கணக்கு மலாயாவில் எடுக்கப்படவில்லை. அவ்வாண்டு டிசம்பரில் ஜப்பானியர் வந்திறங்கினர். அடுத்த கணக்கு 1947இல்தான் நடந்தது. 1931இல் சிங்கப்பூர் உட்பட மலாயாவில் இந்தியர் சுமார் 6 லட்சத்து 22 ஆயிரம் பேர். 1947இல் சுமார் 6 லட்சம். பதினாறு ஆண்டில் மற்றச் சமூகங்கள் பெருகின, நம்மவர் குறைந்தனர். 1930க்குப் பின் ரப்பர் விலை வீழ்ந்தபோது ஊருக்குத் திருப்பியனுப்பப்பட்டவர்கள் உண்டு. 1938இல் இந்திய சர்க்கார் தொழிலாளர் வருகையைத் தடுத்ததும் உண்டு. ஆனால் சயாம் மரண ரயில் பாதைக்குத் தோட்டம் தோட்டமாகப் பிடித்துச் செல்லப்பட்டுத் திரும்பி வாராதவர்கள் எத்தனை பேர்? பல எண்கள் சொல்லப்படுகின்றன. அவை ஒன்றுக்கொன்று பல மடங்கு வேறுபடுகின்றன. போருக்கு முன்னர் யார் யார் எந்த லயத்தில் இருந்தார் என்ற கணக்கு இல்லாதபோது, போருக்குப் பின்னர் யார் இல்லை என்பதை எதை வைத்துச் சொல்வது? வெள்ளைக்காரக் கைதிகளுக்குப் பட்டாளப் பதிவேடு இருந்தது. கூலிக்கு அது இல்லை.

இனிச் சம்பளத்துக்கு வருவோம். 1920களில் மலாயாவில் இந்தியத் தொழிலாளருக்கு நியாயமான கூலி எவ்வளவு என்று நிர்ணயிக்க வேண்டி வந்தபோது, சர்க்கார் கையாண்ட வழி, தொழிலாளியின் மாதச் செலவுக்கு ஒரு வரவு செலவுத் திட்டம் போடுவது. அரிசி எவ்வளவு, மிளகாய் புளி எவ்வளவு, துணி எவ்வளவு என்று கேட்டுக் கூட்டி, அதிலிருந்து நாட்கூலியை வகுத்தார்கள். அந்த முறையின்படி 1920களின் பிற்பகுதியில் முக்கிய ஜில்லாக்களில் ஆணுக்கு நாளொன்றுக்கு 50 காசும் பெண்ணுக்கு 40 காசும், உள்நாட்டில் தூரமாயிருந்த இடங்களில் 58 காசும் 46 காசும் என்று ஏற்பட்டது.

பெண்ணுக்கு ஏன் பத்துக் காசு குறைவு? அவள் சீவிய மரம் குறைவாகப் பால் கொடுத்ததா? 'நீ செய்யும் வேலைக்கு என்ன பெறுமதி?' என்று அந்தத் திட்டம் கேட்கவில்லை. 'நீ உயிரோடிருக்க எவ்வளவு தின்பாய்?' என்றே கேட்டது. கேள்வியே வயிற்றைப் பற்றியதாக அமைந்துவிட்டபோது, பெண் வயிறு சிறியது என்ற முடிவு எளிதில் கிடைத்துவிடும். இரவு நான்கு மணிக்கு எழுந்து சோறாக்கி, பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டு, பெரட்டுக்கு நின்று, மரம் வெட்டி, மாலையில் மறுபடியும் அடுப்பு மூட்டுகிறவளை, 'ஒரு நாளில் எத்தனை மணி நேரம் உழைக்கிறாய்?' என்று கேட்டிருந்தால் கணக்கு வேறு விதமாக முடிந்திருக்கும். ரப்பர் விலை விழுந்தவுடன் இந்த 50உம் 40உம் கூடக் குறைக்கப்பட்டன. 1936ஆம் ஆண்டு இறுதியில் மலாயாவுக்கு வந்து விசாரணை செய்த சீனிவாச சாஸ்திரியார் 1937இல் வெளியான தமது அறிக்கையில் பழைய விகிதத்துக்கே மீள வேண்டும் என்று சொன்னார். ஆண் பெண் வித்தியாசத்தோடுதான். அவரும் பழைய கேள்வியை மாற்றவில்லை.

இவ்விஷயத்தில் தாய்நாட்டின் கதையையும் சிறிது பார்ப்போம். மலாயாவுக்கு ஆள் வந்த கிராமங்களிலேயே இத்தகைய விசாரணை ஒன்று நடந்திருக்கிறது. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பொருளாதாரப் பேராசிரியராக வந்த கில்பர்ட் ஸ்லேட்டர், தம் மாணாக்கர்களுக்கு ஒரு வினாப் பட்டியலைக் கொடுத்து, அவரவர் அறிந்த கிராமத்துக்குச் சென்று நிலம், கூலி, கடன், கால்நடை, கைத்தொழில் முதலியவற்றை விசாரித்து எழுதிவரச் செய்தார். தென்னார்க்காட்டு இருவேல்பட்டு, வடஆர்க்காட்டுத் தூசி, தஞ்சை ஜில்லாப் பாலக்குறிச்சி, ராமநாதபுரத்து வடமலைபுரம், திருநெல்வேலிக் கங்கைகொண்டான் ஆகிய ஊர்கள் அவ்வாறு எழுதப்பட்டன. 1918இல் அது புத்தகமாயிற்று. 1936–37இல் பி. ஜே. தாமஸும் கே. சி. ராமகிருஷ்ணனும் அதே ஊர்களுக்கு மீண்டும் ஆட்களை அனுப்பி விசாரித்து 1940இல் வெளியிட்டனர். அதன் பின்னும் ஆராய்ச்சியாளர்கள் பலமுறை அவ்வூர்களுக்குப் போயிருக்கிறார்கள். இருவேல்பட்டில் 2008 வரையிலும் விசாரணை நடந்திருக்கிறது. ஏறக்குறைய ஒரு நூற்றாண்டுக் காலம் ஒரே ஊரைக் கேட்டுக் கேட்டு எழுதிய உதாரணம் உலகத்திலேயே அதிகம் இல்லை.

ஸ்லேட்டர் செய்தது மெச்சத்தக்க காரியம் என்பதில் நமக்கு ஐயமில்லை. புத்தகத்தை விட்டு வயலுக்குப் போ என்று மாணாக்கனுக்குச் சொன்ன பேராசிரியர் இன்றும் அரியர். ஆயினும் 1916இல் பட்டப்படிப்புக்கு வந்தவர் எந்த வகுப்பார் என்பதை நமது வாசகர்க்கு விளக்க வேண்டுவதில்லை. நிலமுடையவன் வீட்டுப் பிள்ளை சேரி வாசலில் நின்று, 'உனக்குக் கூலி என்ன? கடன் எவ்வளவு?' என்று கேட்கிறான். கடன் கொடுத்தவன் கேட்பவனின் பெரியப்பாவாக இருக்கக்கூடும். விடை என்னவாக இருக்கும்? 'ஒன்றும் குறையில்லை சாமி' என்பதே விடை. அதைத் தாளில் எழுதிக்கொண்டு போனால் அது புள்ளிவிவரமாகிவிடும்! தோட்டத்திலும் இதே கதைதான். கேட்பவர் கிராணியாகவோ கங்காணியின் மருமகனாகவோ இருந்தால், 'செக்ரோலில் உன் பெயர் சரியாக விழுகிறதா?' என்ற கேள்விக்கு எவன் உண்மை சொல்வான்? கேள்வி எவ்வளவு நேர்த்தியாக எழுதப்பட்டிருந்தாலும் கேட்கும் வாய் யாருடையது என்பது அதில் பாதி.

பெண்களின் உழைப்பைப் பற்றி மேலே சொன்னோம். அதற்கு அசைக்க முடியாத ஓர் அத்தாட்சி இந்திய ஜனத்தொகைக் கணக்கிலேயே இருக்கிறது. பழைய கணக்குகளில், வீட்டார் பெண்ணின் பெயரைச் சொல்ல மறுத்தால் 'பெண்' என்று மாத்திரம் எழுதிக்கொள்ளலாம் என்று விதியே இருந்தது. பெயர் போனால் போகட்டும், உழைப்பாவது எழுதப்பட்டதா? 1961இல் இந்தியாவில் வேலை செய்யும் பெண்கள் சுமார் 5 கோடியே 94 லட்சம் என்று கணக்கு வந்தது. 1971இல் அது சுமார் 3 கோடியே 13 லட்சம் ஆயிற்று. பத்தாண்டில் பாதிப் பெண்கள் வேலையை விட்டுவிட்டு ஊஞ்சலில் அமர்ந்துவிட்டார்களா? இல்லை. 1961இல், பருவத்தில் நாள்தோறும் சிறிது நேரம் வயலில் வேலை செய்தாலும் எழுதிக்கொள்ளும்படி கேள்வி அமைந்திருந்தது. 1971இல், 'உங்கள் முக்கியமான வேலை எது?' என்று கேட்டார்கள். 'வீட்டைப் பார்த்துக்கொள்கிறேன்' என்றாள் அவள். அல்லது அவளுக்காக அவள் புருஷன் சொன்னான். நாற்று நட்ட கை அட்டவணையிலிருந்து மறைந்தது. 1991இல், சொந்த நிலத்திலோ குடும்பத் தொழிலிலோ கூலியில்லாமல் செய்யும் வேலையும் உட்பட என்ற சில சொற்களைக் கேள்வியோடு சேர்த்தார்கள். அந்தச் சில சொற்களுக்காகப் பெண்கள் நலத்தில் ஈடுபட்டவர்கள் எத்தனை மன்றாட வேண்டியிருந்தது என்பதை எண்ணினால், கேள்வி எழுதுவது குமாஸ்தா வேலையென்று யாரும் சொல்லத் துணியார்.

ஜாதிக் கேள்வி இன்னும் வேடிக்கை. பிரிட்டிஷ் காலத்தில் ஒவ்வொரு கணக்கிலும் ஜாதியைக் கேட்டார்கள். யாருக்கு யார் மேல் என்று வரிசைப்படுத்தக்கூட 1901இல் முயன்றார்கள். அதன் பலனாக, தங்களை மேலே எழுதிக்கொள்ளும்படி மனுப் போடும் ஜாதிச் சங்கங்கள் முளைத்தன. கேள்வியானது உள்ளதை அளக்கப் போய், இல்லாததை உண்டாக்கியதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டியதில்லை. 1931இல் இந்தியா முழுவதும் 4,147 ஜாதிகள் என்று கணக்கு. பின்னர் 2011இல் நடத்தப்பட்ட சமூகப் பொருளாதார ஜாதிக் கணக்கெடுப்பில் எத்தனை வந்தன தெரியுமா? 46 லட்சத்துக்கு மேல்! இந்திய சர்க்காரே 2021இல் சுப்ரீம் கோர்ட்டில் தாக்கல் செய்த பிரமாணப் பத்திரத்தில் இதைச் சொல்லி, அந்தக் கணக்கு உபயோகத்துக்கு உதவாது என்று கையை விரித்தது. மனுவே மறுபடி பிறந்து வந்து உட்கார்ந்தாலும் இத்தனை ஜாதியைப் படைத்திருக்க முடியாது.

காரணம் மிகச் சாதாரணமானது. 'உங்கள் ஜாதி என்ன?' என்று கேட்டு, சொன்னதை அப்படியே எழுதிக்கொள்ளும்படி விட்டார்கள். முன்கூட்டித் தயாரித்த பட்டியல் கையில் இல்லை. ஒருவர் ஜாதியைச் சொன்னார். ஒருவர் உட்பிரிவைச் சொன்னார். ஒருவர் கோத்திரத்தையும், ஒருவர் பட்டப் பெயரையும் சொன்னார்கள். ஒரே பெயரைப் பத்துப் பேர் பத்து விதமாக எழுத்துக் கூட்டினார்கள். யந்திரமோ எழுத்து வேறானால் ஜாதி வேறு என்று எண்ணிக்கொண்டது. பீகார் சர்க்கார் 2023இல் தன் கணக்கை எடுத்தபோது இருநூற்றுச் சொச்சம் ஜாதிப் பெயர்களுக்கு முன்னரே எண் கொடுத்து வைத்துக்கொண்டு இறங்கியது. அவ்வாண்டு அக்டோபரில் முடிவும் வெளிவந்தது. பட்டியலில் எதைச் சேர்ப்பது, எதை விடுவது என்ற சண்டை அங்கும் இருந்தது. ஆனால் அது கேட்பதற்கு முன் நடந்த சண்டை. கேட்ட பின் எல்லாவற்றையும் குப்பையில் போடும் நிலை வரவில்லை.

தேர் கட்டினால் திருவிழாவுக்கு முன் வெள்ளோட்டம் விட்டுப் பார்க்கிற ஜனங்கள் நாம். அச்சு முறியுமா, சந்தில் திரும்புமா என்று தெரிந்துகொள்ளாமல் யாரும் வடத்தைத் தொடமாட்டார்கள். கல்லைச் சுமக்கும் தேருக்கு இவ்வளவு முன்யோசனை. கோடிப் பேரின் வாழ்வைச் சுமக்கும் கேள்விக்கு ஒன்றுமில்லை. கேள்விக்கும் வெள்ளோட்டம் விடவேண்டும் என்பதை இந்தியாவில் பெரிய அளவில் நடத்திக் காட்டியவர் வங்காளத்துப் பிரசாந்த சந்திர மஹலனோபிஸ். 1937இல் சணல் பயிரைக் கணக்கிடத் தொடங்கியபோது அவர் வங்காளம் முழுவதையும் ஒரேயடியாக அளக்கப் புறப்படவில்லை. சிறிய அளவில் முதலில் செய்து, செலவு எவ்வளவு, பிழை எங்கே நேர்கிறது என்று கண்டு, ஆண்டுதோறும் சிறிது சிறிதாகப் பெருக்கி, 1941இல்தான் மாகாணம் முழுவதற்கும் போனார். ஒரே வட்டாரத்திலிருந்து இரண்டு மாதிரிகளை எடுத்து இரண்டு தனித்தனிக் கூட்டத்தாரிடம் கொடுத்து, இரண்டு முடிவுகளையும் ஒப்பிட்டுப் பார்க்கும் தந்திரமும் அவருடையதே. இரண்டும் ஒத்து வந்தால் நம்பலாம். ஒவ்வாதபோது, பயிரில் இல்லை பிழை, கேட்டவனிடத்தில் இருக்கிறது என்று கண்டுகொள்ளலாம்.

கேள்வியின் ஒரு சொல் எவ்வளவு வலியது என்பதற்கு அமெரிக்காவில் ஒரு பரீட்சை நடந்தது. ஜனநாயகத்துக்கு விரோதமான பிரசங்கங்களை 'அனுமதிக்க வேண்டுமா?' என்று சிலரையும், 'தடை செய்ய வேண்டுமா?' என்று வேறு சிலரையும் கேட்டு, டொனால்டு ரக் என்பவர் 1941இல் முடிவை வெளியிட்டார். அனுமதிக்கக் கூடாது என்றவர்கள் நூற்றுக்கு 62 பேர். தடை செய்ய வேண்டும் என்றவர்கள் நூற்றுக்கு 46 பேர்தான். அனுமதியாமையும் தடையும் ஒன்றே என்பான் தர்க்க சாஸ்திரி. ஜனங்களுக்கு அப்படித் தோன்றவில்லை. 'தடை' என்ற சொல்லின் கடுமை பதினாறு பேரைப் பின்வாங்கச் செய்துவிட்டது. அதற்கு ஐந்தாண்டு முன்னர், அதே நாட்டில் லிட்டரரி டைஜஸ்ட் என்னும் பத்திரிகை ஒரு கோடிப் பேருக்குத் தாள் அனுப்பி, 23 லட்சம் விடைகளைப் பெற்று, ரூஸ்வெல்ட் தோற்பார் என்று அறிவித்தது. அவர் அமோகமாக வென்றார். டெலிபோனும் மோட்டாரும் வைத்திருந்தவர் ஜாபிதாக்களைப் பார்த்தல்லவா தாள் அனுப்பினார்கள்!

மொழி மாறும்போது தொல்லை இரட்டிக்கிறது. இங்கிலீஷிலோ மலாயிலோ எழுதிய கேள்வியைத் தமிழாக்கி லயத்துக்குக் கொண்டுபோகிறார்கள். 'உங்கள் குடும்பத்தில் எத்தனை பேர்?' என்பது தமிழ்க் கேள்வி. கேட்டவர் நினைத்தது ஓர் அடுப்பில் உண்பவர்களை. சொன்னவரோ, பாரிட் ராஜாவில் மணமுடித்துக் கொடுத்த மகளையும், சிங்கப்பூரில் வேலை செய்யும் மகனையும், ஊரில் இருக்கும் தாயையும் கூட்டிச் சொல்கிறார். அல்லது 'குடும்பம்' என்றால் மனைவி என்று கொண்டு, 'ஒன்றுதான்' என்கிறார். இரண்டாவது விடையைக் கேட்டுச் சிரிப்பவர்கள் தமிழ்நாட்டுப் பேச்சு வழக்கை அறியாதவர்கள். 'எத்தனை பேருக்கு இந்த வீட்டில் உலை வைக்கிறீர்கள்? நேற்றிரவு இங்கே உண்டவர் யார் யார்?' என்று கேட்டால் ஐயத்துக்கு இடமில்லை. 'வருமானம் என்ன?' என்பதும் அப்படியே. அடிப்படைச் சம்பளத்தைச் சொல்வார் ஒருவர். பிடித்தம் போகக் கைக்கு வந்ததைச் சொல்வார் ஒருவர். வீட்டுப் பின்புறத்தில் வளர்க்கும் ஆட்டையும் கோழியையும் எவரும் சொல்லமாட்டார்.

வயதைக் கேட்டால் 40, 45, 50 என்று உருட்டிச் சொல்வது நம்மவர் வழக்கம் என்று கணக்கு உத்தியோகஸ்தர்கள் நெடுங்காலமாக எழுதி வந்திருக்கிறார்கள். அதற்கு அவர்களே ஒரு நல்ல மருந்தும் கண்டார்கள். அந்தந்த வட்டாரத்தில் யாவரும் அறிந்த சம்பவங்களைக் கால வரிசையாக எழுதிக் கணக்கெடுப்போன் கையில் கொடுப்பது அது. கோத்தா திங்கிக்கு அப்படி ஒன்று எழுதுவதானால், ஜப்பான்காரன் காலம், சயாமுக்கு ஆள் பிடித்தது, 1948இல் தொடங்கிய அவசரகாலம், 1957 மெர்டேக்கா, 2006 டிசம்பரிலும் மறுபடி 2007 ஜனவரியிலும் ஊரை மூழ்கடித்த இரண்டு பெருவெள்ளங்கள் ஆகியவை அதில் நிற்கும். 'மெர்டேக்காவின்போது நீங்கள் மரம் வெட்டினீர்களா, பள்ளிக்கூடம் போனீர்களா?' என்று கேட்டால் கிழவியும் தவறாமல் சொல்லிவிடுவாள், 'உன் வயதென்ன?' என்றால் கை விரிப்பாள்.

அந்த வெள்ளத்தின்போது ஜோகூரில் லட்சத்துக்கு மேற்பட்டோர் வீட்டை விட்டு வெளியேற நேர்ந்தது. வெள்ளத்துக்குப் பின்னர் வினாப் பட்டியல்களோடு கோத்தா திங்கிக்கு வந்த ஆராய்ச்சியாளர்கள் பலர். 'வீடு உங்களுக்குச் சொந்தமா? அதன் மதிப்பென்ன? சேதமென்ன?' என்று கேட்பது இத்தகைய பட்டியல்களின் வழக்கம். தோட்ட லயத்தில் மூன்று தலைமுறையாக இருப்பவருக்கு வீடு சொந்தமில்லை. முதற் கேள்விக்கு 'இல்லை' என்றதும், அடுத்த கேள்விகளைத் தாண்டிப் போகும்படி தாளில் குறி போட்டிருந்தால் என்ன ஆகும்? பாயும் பாத்திரமும், பிள்ளையின் புத்தகமும், பிறப்புப் பத்திரமும் ஆற்றோடு போயின என்பதை எழுத அதில் இடமே இராது. இப்படித் தாண்டச் சொல்லும் குறிகளே வினாப் பட்டியலில் மிகவும் ஆபத்தானவை என்பது நமது அபிப்பிராயம். யாரைத் தாண்டிப் போகிறோம் என்று வெள்ளோட்டத்தில் பார்த்தாலன்றி அது தெரியாது.

பிறப்புப் பத்திரம் என்றதும் இன்றைய ஒரு பெரிய வழக்கு நினைவுக்கு வருகிறது. மலேசியாவில் குடியுரிமைப் பத்திரமில்லாத இந்தியர் எத்தனை பேர்? 2013ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலின்போது எதிர்க்கட்சியார் 3 லட்சம் என்றனர். சர்க்கார் தரப்பில் சொல்லப்பட்டது சில ஆயிரங்களே. இரு தரப்பாரும் ஒருவரையொருவர் பொய்யர் என்றனர். அவரவர் எந்தக் கேள்விக்கு விடை சொல்கிறார் என்று கேட்பார் இல்லை. பிறப்புப் பத்திரம் இல்லாதவர் ஒரு வகை. அது இருந்தும், தாய் தந்தையர் மணத்தைப் பதியாததால் குடியுரிமை ஐயத்தில் தொங்கும் பிள்ளை ஒரு வகை. சிவப்புக் கார்டு வைத்துக்கொண்டு நிரந்தரவாசியாகவே கிழமாகிப் போனவர் ஒரு வகை. நீலக் கார்டுக்கு உரிமை இருந்தும் தோட்டத்தை விட்டு வெளியே போய் மனுப் போடத் தெரியாமல் விட்டவர் ஒரு வகை. மனுப் போட்டு ஆண்டுக் கணக்காகக் காத்திருப்பவர் இன்னொரு வகை. இவர்கள் அனைவரையும் ஒரு சொல்லால் குறித்தால் லட்சம் வரும். கடைசி வகையை மாத்திரம் எண்ணினால் ஆயிரம் வரும்.

கோத்தா திங்கியிலோ வேறிடத்திலோ நமது இளைஞர்கள் சிலர் கூடி, தங்கள் வட்டாரத்துத் தமிழ்க் குடும்பங்களைத் தாங்களே கணக்கெடுக்க விரும்பக்கூடும். அது நல்ல முயற்சி. தோட்டங்கள் கைமாறி, லயங்கள் இடிந்து, ஜனங்கள் பட்டணத்து அடுக்கு வீடுகளுக்கு இடம் பெயர்ந்துவிட்ட இக்காலத்தில் அதைச் சர்க்காரே செய்யட்டும் என்று காத்திருப்பதில் பயனில்லை. அவர்களுக்கு நாம் சொல்லக்கூடியது இவ்வளவே. நூறு கேள்வி எழுதாதீர்கள், இருபது போதும். ஒரு கேள்வியில் இரண்டு கேள்விகளை நுழைக்காதீர்கள். 'பள்ளிக்கூடமும் கோயிலும் அருகில் உண்டா?' என்றால், ஒன்று மாத்திரம் உள்ளவர் எதைச் சொல்வார்? 'நமது பிள்ளைகள் தமிழ்ப்பள்ளிக்குப் போக வேண்டியது அவசியமல்லவா?' என்று விடையைக் கேள்விக்குள்ளேயே வைத்துக் கேட்காதீர்கள். அது விசாரணையன்று, பிரசங்கம். பிள்ளை எந்தப் பள்ளிக்குப் போகிறது என்று மட்டும் கேளுங்கள். தெரியாது என்று சொல்லவும் இடம் வையுங்கள்.

எழுதிய தாளை முதலில் பத்து வீடுகளுக்கு மாத்திரம் எடுத்துச் செல்லுங்கள். அப்பத்தும் உங்களுக்கு வேண்டியவர்கள் வீடாக இருக்க வேண்டாம். ஒவ்வொரு கேள்வியையும் கேட்டபின், 'நான் என்ன கேட்டேன் என்று உங்கள் வாயால் சொல்லுங்கள்' என்று கேளுங்கள். மேல்நாட்டில் 1980களிலிருந்து மனோதத்துவ அறிஞரும் புள்ளியியலாரும் கூடி இம்முறையைப் பெரிய சாஸ்திரமாகவே வளர்த்திருக்கிறார்கள். செய்வதற்கோ ஒரு பெஞ்சும் பொறுமையும் போதும். பத்தில் மூன்று பேர் வேறு விதமாகச் சொன்னால், அந்த மூவரும் மூடர் அல்லர். கேள்வியை அடித்துவிட்டு வேறு எழுதுங்கள். பெண்களைப் பற்றிய கேள்விகளைப் பெண்களிடமே, ஆண்கள் இல்லாத நேரத்தில், ஒரு பெண் சென்று கேட்கட்டும். கார்டைப் பற்றிக் கேட்கும்போது 'குடியுரிமை உண்டா?' என்று கேளாமல், பிறப்புப் பத்திரம் இருக்கிறதா, தாய் தந்தையர் மணம் பதியப்பட்டதா, கார்டின் நிறம் என்ன, மனுப் போட்டதுண்டா, போட்ட ஆண்டு எது என்று ஒவ்வொன்றாகக் கேளுங்கள். இவற்றைக் கடைசியில் வையுங்கள்; முதலிலேயே கேட்டால் கதவு சாத்தப்படும். திரும்பி வந்தபின், கேட்டவர்கள் எல்லோரும் ஒரு மேசையைச் சுற்றி உட்கார்ந்து, எந்த வீட்டில் எந்தக் கேள்விக்கு ஜனங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள் என்பதைத் தாளின் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள். பதினோராவது வீட்டுக்குப் போகவேண்டியது அதன் பின்னரே.